ஒரு ரிவால்வர், ஆறு தோட்டா: தம்பிக்கோட்டை கணபதி வழக்கு

1949 மார்ச் 1. பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த மலாயாவின் சிலாங்கூர் மாநிலத்தில், ரவாங் பக்கம் வாட்டர்ஃபால் தோட்டத்துக்கு அருகே ஒரு தமிழர் பிடிபடுகிறார். அவரிடம் ஒரு ரிவால்வரும் ஆறு தோட்டாக்களும் இருந்தன. மார்ச் 15-இல் கோலாலம்பூர் நீதிமன்றம் மரண தண்டனை விதிக்கிறது. மேல்முறையீடு, கருணை மனு எல்லாம் போட்டும் பலனில்லை. மே 4-ஆம் தேதி புடு சிறையில் தூக்கு. பிடிபட்ட நாளிலிருந்து எண்ணினால் 64 நாள்.

அவர் எஸ். ஏ. கணபதி. ஏறக்குறைய 3 லட்சம் தொழிலாளர்களைக் கொண்டிருந்த அகில மலாயா தொழிற்சங்க சம்மேளனத்தின் தலைவராக இருந்தவர். சொந்த ஊர், அன்றைய தஞ்சாவூர் ஜில்லா, பட்டுக்கோட்டை தாலுகா, தம்பிக்கோட்டை. அதிராம்பட்டினத்திலிருந்து முத்துப்பேட்டை போகிற பஸ்ஸில் ஏறினால் வழியில் வருகிற ஊர்தான். எங்கள் பக்கத்தில் அவரை 'மலேயா கணபதி' என்பார்கள். மே மாதம் வந்தால் சுவரொட்டிகளில் அவர் முகம் இருக்கும். வெள்ளைக்காரன் தூக்கில் போட்டான் என்பதோடு பெரும்பாலும் கதை முடிந்துவிடும். வெள்ளைக்காரன்தான் போட்டான், சரி. ஆனால் அப்போது இந்தியா விடுதலை பெற்று இருபது மாதம் ஆகியிருந்தது. டெல்லியில் நேரு பிரதமர், கோலாலம்பூரில் இந்திய அரசின் பிரதிநிதி, லண்டனில் இந்திய ஹை கமிஷனர் என்று எல்லாரும் இருந்தார்கள். அத்தனை பேர் இருந்தும் ஒரு தஞ்சாவூர்க்காரரைக் காப்பாற்ற முடியாமல் போனது எப்படி? இந்த வழக்கில் என்னை உறுத்துகிற கேள்வி இதுதான்.

கப்பல் வழி

தம்பிக்கோட்டைக்காரர் மலாயாவில் என்ன செய்தார் என்று இந்தப் பக்கத்தில் யாரும் கேட்க மாட்டார்கள். நாகப்பட்டினத்தில் கப்பலேறினால் அடுத்த கரை பினாங்கு. ரஜூலா போன்ற கப்பல்கள் சென்னையிலிருந்து கிளம்பி நாகையில் ஆள் ஏற்றிக்கொண்டு போகும். மேல்தட்டில் பாயை விரித்து, தலைமாட்டில் டிரங்குப் பெட்டியை வைத்துக்கொண்டு போனவர்களில் இரண்டு வகை. அதிராம்பட்டினம், முத்துப்பேட்டை, நாகூர்ப் பக்கத்து மரைக்காயர், ராவுத்தர் வீட்டுச் சபுராளிகள், அதாவது கடல் கடந்து பயணம் போகிறவர்கள், வியாபாரத்துக்குப் போனவர்கள். மற்றவர்கள் கங்காணி பின்னால் பால்மரத் தோட்டத்துக்குப் போன கூலிகள். வண்டல் நிலத்தில் மூன்று போகம் விளைந்தாலும் பண்ணையாளுக்குக் கிடைத்தது மரக்கால் கணக்கில்தான். பட்டுக்கோட்டைச் சீமையில் அதுவும் கிடையாது. கல்லணைக் கால்வாய் வந்ததே 1934-இல். வந்த பிறகும் கடைமடை கடைமடைதான்.

போன இடத்தில் லயம் என்ற வரிசை வீடும், கிராணி என்ற தோட்டக் கணக்கரின் பேரேடும், தோட்டத்துக் கள்ளுக்கடையும் காத்திருந்தன. கூலி குறைந்துபோனதைக் கண்டு 1938-இல் இந்திய அரசே தோட்டக் கூலிகளை அனுப்புவதை நிறுத்தியது. 1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது. முன்னின்ற ஆர். எச். நாதனைப் பிடித்து இந்தியாவுக்கு நாடு கடத்தினார்கள். துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர்கள் செத்தார்கள். அந்த வேலைநிறுத்தக் கோரிக்கைகளில் கூலி உயர்வு மட்டும் இல்லை. துரை எதிரில் வந்தால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம் என்பதும் இருந்தது. கூலியைக் கூட்டுவதைவிட துரைமார்களுக்கு இதுதான் அதிகம் கசந்திருக்கும் என்பது என் ஊகம்.

கணபதி சிறுவயதிலேயே சிங்கப்பூர் போனவர். வளர்ந்தது, படித்தது எல்லாம் அங்கேதான். ஜப்பானியர் வந்தபோது அந்தத் தலைமுறைக்கு எல்லாமே தலைகீழானது. கூலிகளைப் பிடித்து சயாம் ரயில் பாதைக்கு அனுப்பினான் ஜப்பான்காரன். போனவர்களில் பலர் திரும்பவில்லை. அதே காலத்தில்தான் 1943 அக்டோபர் 21 அன்று சிங்கப்பூரில் சுபாஷ் சந்திர போஸ் சுதந்திர இந்தியத் தற்காலிக அரசை அறிவித்தார். நாட்டுக்கு வெளியே ஓர் அரசு, ஓர் அமைச்சரவை, ஒரு படை. படைக்கு ஆள் தேடிய இடங்களில் தோட்ட லயங்களும் இருந்தன. நேற்றுவரை துரைக்கு சலாம் போட்ட கைக்கு துப்பாக்கி வந்தது. பெண்கள் பிரிவான ஜான்சி ராணி படைக்குத் தோட்டத்துப் பெண்களும் போனார்கள். கணபதியும் அந்தப் படையில், இந்திய தேசிய ராணுவத்தில், இருந்தவர்.

இம்பாலில் அந்தப் படை தோற்றது, உண்மைதான். ஆனால் கட்டளைக்கு வரிசையில் நிற்கவும், கூட்டத்தில் பேசவும், அணியாகச் சேர்ந்து இயங்கவும் பழகிய ஆயிரக்கணக்கான தமிழர்கள் 1945-இல் லயத்துக்குத் திரும்பினார்கள். பழைய கூலிக்கு, பழைய மரியாதைக்கு இறங்கிப் போக அவர்களால் முடியவில்லை. சிலர் காங்கிரஸ் வழியில் போனார்கள். ஆசாத் ஹிந்த் அரசில் பங்கு வகித்த ஜான் திவி 1946-இல் மலாயா இந்திய காங்கிரசின் முதல் தலைவரானார். சிலர் தொண்டர் படை அமைத்துக் கள்ளுக்கடைகளை மறித்தார்கள். கணபதி தொழிற்சங்கத்துக்குப் போனார். திவியின் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கருணை மனுவின்போது மறுபடி வருவார்.

சங்கத்தை முடித்த சட்டம்

சம்மேளனம் கம்யூனிஸ்டுகளின் பிடியில் இருந்தது. இதை மறைத்துக் கணபதியை வெறும் கூலி உயர்வுத் தலைவராகக் காட்டுவதில் எனக்கு உடன்பாடில்லை, அது அவருக்கும் மரியாதை ஆகாது. மலாயா கம்யூனிஸ்ட் கட்சியில் பெரும்பாலும் சீனர்கள். தமிழர்கள் சிறு எண்ணிக்கைதான். ஆனால் சம்மேளனத்தில் சீனத் தொழிலாளியும் தமிழ்த் தொழிலாளியும் ஒரே கொடியின்கீழ் நின்றார்கள். தலைவர் நாற்காலியில் ஒரு தமிழர். தனித்தனியாக வைத்துக் கூலி பேசிப் பழகிய தோட்ட முதலாளிகளுக்கு இது புதிது.

அன்றைய பிரிட்டனுக்கு மலாயாவின் ரப்பரும் ஈயமும் என்னவாக இருந்தன என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். போரில் கடனாளியாகிவிட்ட நாடு அது. அமெரிக்காவுக்கு ரப்பர் விற்று வருகிற டாலரை நம்பித்தான் ஸ்டெர்லிங் நின்றது. அந்த வருமானத்தின் நடுவில் ஒரு வேலைநிறுத்தம் என்றால் லண்டனில் கஜானா அதிகாரிக்கே தூக்கம் வராது.

1948 ஜூனில் தொழிற்சங்கச் சட்டத்தைத் திருத்தினார்கள். அந்தத் தொழிலில் மூன்று வருட அனுபவம் இல்லாதவர் சங்க நிர்வாகியாக இருக்க முடியாது. வெவ்வேறு தொழில்களின் சங்கங்கள் ஒரே சம்மேளனமாகச் சேரக் கூடாது. இரண்டு வரியில் சம்மேளனத்தின் பதிவு போயிற்று. அதே வாரத்தில், ஜூன் 16 அன்று, பேராக் மாநிலம் சுங்கை சிப்புட்டில் மூன்று ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவசரநிலை வந்தது. ஜூலையில் கட்சிக்குத் தடை. கணபதி தலைமறைவானார்.

வரிசையைக் கவனியுங்கள். சங்கத்தை முடக்கியது முதலில், அவசரநிலை பிறகு. கம்யூனிஸ்டுகள் ஆயுதத்தோடு காட்டுக்குள் போனதால் சங்கம் தடை செய்யப்பட்டது என்று சிலர் எழுதுவது தேதிகளுக்கு ஒத்துவராது. அதற்காக, சங்கத்தை விட்டுவைத்திருந்தால் யாரும் ஆயுதம் எடுத்திருக்க மாட்டார்கள் என்றும் நான் சொல்ல மாட்டேன். கட்சிக்குள் அந்தப் பேச்சு ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது.

வழக்கு

அவசரநிலை விதிகளில் நான்காவது விதிதான் இங்கே முக்கியம். உரிமம் இல்லாத துப்பாக்கியையோ உரிய அதிகாரம் இல்லாமல் தோட்டாவையோ ஒருவர் வைத்திருந்தால், குற்றம் நிரூபணமானதும் தண்டனை மரணம். குறைந்த தண்டனை என்று ஒன்று கிடையாது. சுட்டாரா, யாருக்காவது காயமா, சுடும் எண்ணமாவது இருந்ததா? எதையும் அரசுத் தரப்பு காட்ட வேண்டியதில்லை. கையில் இருந்தது என்று காட்டினால் போதும். நீதிபதிக்கே அதற்குப் பிறகு வேலை இல்லை.

கணபதி நீதிமன்றத்தில் சொன்னது: துப்பாக்கி வழியில் கிடைத்தது, போலீசில் ஒப்படைக்கத்தான் கொண்டு போய்க்கொண்டிருந்தேன்.

இதை அப்படியே நம்ப எனக்குச் சிரமமாகத்தான் இருக்கிறது. ஒன்பது மாதமாகத் தேடப்படுகிற மனிதர் ரிவால்வரை எடுத்துக்கொண்டு போலீஸ் ஸ்டேஷனுக்கு நடந்து போவாரா? ஆனால் அந்தச் சட்டத்தின்கீழ் உயிர் தப்ப வேறென்ன சொல்ல முடியும் என்றும் யோசித்துப் பாருங்கள். 'தற்காப்புக்கு வைத்திருந்தேன்' என்றாலும் தூக்கு. 'நான் ஒரு விடுதலைப் போராளி, என்னைப் போர்க்கைதியாக நடத்துங்கள்' என்றாலும் தூக்கு. திறந்திருந்த ஒரே கதவு 'ஒப்படைக்கப் போனேன்' என்பதுதான். அதைத் தட்டினார், திறக்கவில்லை. அவர் சொன்னது பொய்யென்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் மிச்சமிருப்பது, சுடப்படாத ஒரு துப்பாக்கியை வைத்திருந்த குற்றம். சாதாரண காலத்தில் அதற்கு யாரும் தூக்குக் கயிற்றைத் தேட மாட்டார்கள்.

மேல்முறையீடு நிற்கவில்லை. மிச்சமிருந்தது கருணை. இங்கே ஒரு நுணுக்கம் உண்டு. 1948-இல் அமைந்த மலாயா கூட்டரசு ஒப்பந்தப்படி மன்னிக்கும் அதிகாரம் அந்தந்த மாநில ஆட்சியாளருக்கு. சிலாங்கூரில் பிடிபட்டவருக்கு சிலாங்கூர் சுல்தான். ஆக லண்டனிடம் கேட்டால், 'அது சுல்தானின் உரிமை, நாங்கள் தலையிட முடியாது' என்று சொல்ல வழி இருந்தது. காட்டில் குண்டு போடுகிற விமானம் லண்டனுடையது, சட்டத்தை எழுதிய கை லண்டனுடையது. மன்னிப்பு மட்டும் சுல்தானுடையது.

டெல்லி

கோலாலம்பூரில் இந்தியாவின் பிரதிநிதியாக அப்போது இருந்தவர் ஜான் திவி. ஆம், அதே திவிதான். சில ஆண்டுகளுக்கு முன்னால் இவரும் கணபதியும் ஒரே போஸின் பின்னால் நின்றவர்கள். ஒருவர் தூதர் ஆனார், ஒருவர் மரண தண்டனைக் கைதி ஆனார். திவி முயன்றார். லண்டன் வழியாகவும் டெல்லி பேசிப் பார்த்தது. இதையெல்லாம் மறுப்பதற்கில்லை. ஆனால் எவ்வளவு உரக்கப் பேசியது என்பதற்கு நாட்காட்டியைப் பார்க்க வேண்டும்.

1949 ஏப்ரல் கடைசி வாரம் நேரு லண்டனில் இருக்கிறார். குடியரசாக மாறப்போகிற இந்தியா காமன்வெல்த்தில் நீடிப்பது எப்படி என்று பேச்சு நடக்கிறது. லண்டன் பிரகடனம் வருகிறது. மே 16-இல் அரசியல் நிர்ணய சபையில் நேரு அந்த முடிவுக்கு ஒப்புதல் கேட்கிறார், மறுநாள் சபை ஏற்கிறது. இவை இரண்டுக்கும் நடுவில், மே 4-இல், கணபதி தூக்கில் தொங்கினார். பிரிட்டனோடு உறவு முறியாமல் பார்த்துக்கொள்வதே டெல்லியின் பெரிய கவலையாக இருந்த வாரங்கள் அவை. தூக்குக்குப் பிறகு இந்திய அரசு வருத்தமும் அதிருப்தியும் தெரிவித்தது. பத்திரிகைகள் கொதித்தன. பிரிட்டனுக்கும் சங்கடம்தான். ஆனால் எதுவும் முறியவில்லை.

இன்னும் இரண்டு விஷயங்கள் டெல்லியின் குரலைத் தாழ்த்தியிருக்கும் என்று நினைக்கிறேன். ஒன்று, 1947-இல் இந்தியா, நேபாளம், பிரிட்டன் மூன்றும் செய்துகொண்ட ஒப்பந்தப்படி பிரிட்டனுக்குப் பிரிந்துபோன கூர்க்கா படைப்பிரிவுகள்தான் மலாயாக் காட்டில் சண்டையிட்டன. அவர்களுக்கான ஆளெடுப்புக்கும் போக்குவரத்துக்கும் இந்திய மண் திறந்திருந்தது. இன்னொன்று, இந்திய அரசே தன் ஊரில் கம்யூனிஸ்டுகளை விசாரணை இல்லாமல் சிறையில் வைத்திருந்தது. சென்னை மாகாணத்தில் எத்தனை பேர் உள்ளே இருந்தார்கள் என்று பிரிட்டிஷ்காரர் திருப்பிக் கேட்டால் என்ன பதில் சொல்வது?

அப்புறம் குடியுரிமை. கணபதி யாருடைய ஆள்? மலாயாக் கூட்டரசின் குடியுரிமை விதிகள் இந்தியருக்கும் சீனருக்கும் எளிதில் திறக்காதவை. இந்தியாவிலோ, யார் குடிமகன் என்று சொல்லும் அரசியலமைப்புப் பிரிவுகள் நடைமுறைக்கு வந்ததே 1949 நவம்பர் 26-இல். கணபதி செத்து ஆறு மாதம் கழித்து. தம்பிக்கோட்டையில் பிறந்து, சிங்கப்பூரில் வளர்ந்து, இந்தியாவின் விடுதலைக்காக மலாயாவில் படையில் சேர்ந்து, மலாயாவின் விடுதலைக்காக இந்தியராக வேலை செய்த ஒருவரை 1949 மே மாதத்தில் எந்த நாடும் முழு உரிமையோடு 'எங்கள் ஆள்' என்று சொல்லக்கூடிய நிலையில் இல்லை. புலம்பெயர்ந்து நடந்த இயக்கங்களின் பெரிய பலவீனம் இதுவென்று நினைக்கிறேன். போராடும்போது எல்லை தெரியாது. பிடிபட்டால் மட்டும் எந்த ஊர்க்காரன் என்று முதலில் கேட்பார்கள்.

சாம்பசிவம் தப்பியது எப்படி

இதே விதியின்கீழ் இன்னொரு தமிழர் தூக்கு மேடைக்குப் போய்த் திரும்பினார். சாம்பசிவம் வழக்கு இன்றும் காமன்வெல்த் நாடுகளின் சட்ட மாணவர்கள் படிக்கிற வழக்கு.

1948 செப்டம்பரில் ஜொகூரில் நடந்த ஒரு மோதலுக்குப் பிறகு பலத்த காயத்தோடு பிடிபட்டவர் அவர். ரிவால்வர் வைத்திருந்ததாக ஒரு குற்றச்சாட்டு, தோட்டா வைத்திருந்ததாக இன்னொன்று. முதல் விசாரணையில் தோட்டா குற்றச்சாட்டிலிருந்து விடுதலை ஆனார். துப்பாக்கி குற்றச்சாட்டை மறுபடி விசாரிக்க உத்தரவானது. இரண்டாவது விசாரணையில் அரசுத் தரப்பு ஒரு வாக்குமூலத்தைக் கொண்டு வந்தது. அதில் அவர் துப்பாக்கி, தோட்டா இரண்டையும் ஒப்புக்கொண்டதாக இருந்தது. ஆனால் தோட்டா குற்றச்சாட்டில் அவர் ஏற்கெனவே விடுதலையானவர் என்பதை, நீதிபதிக்கு உதவ உட்காரும் அசெசர்களுக்கு யாரும் சொல்லவில்லை. தண்டனை, மரணம்.

வழக்கு கடைசி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1950-இல் மெக்டெர்மட் பிரபு தீர்ப்பு எழுதினார். ஒரு நீதிமன்றம் குற்றவாளி இல்லை என்று சொல்லிவிட்டால், அதே தரப்புகளுக்கு இடையில் பின்னால் வரும் எந்த நடவடிக்கையிலும் அது கட்டுப்படுத்தும். அரசு அதை மறுபடி கிளற முடியாது. சாம்பசிவத்தின் தண்டனை ரத்தானது.

இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வயிறு எரிகிறது. சாம்பசிவத்தைக் காப்பாற்றியது கருணையோ ராஜதந்திரமோ இல்லை, அரசுத் தரப்பின் நடைமுறைப் பிழை. கணபதி வழக்கில் மோதல் இல்லை, காயம் இல்லை, இரண்டு விசாரணை இல்லை. எளிமையான வழக்காக இருந்ததே அவருக்கு எமன். பிழை நேரும் அளவுக்குக்கூட அந்த விசாரணை நீளவில்லை. பிடிபட்டு இரண்டே வாரத்தில் தீர்ப்பு. சாம்பசிவத்துக்குத் தூக்கு தள்ளிப்போகப் போக வக்கீல் பிடிக்க, காகிதம் லண்டனுக்குப் போக நேரம் கிடைத்தது. கணபதிக்கு அந்த அவகாசம் கிடைக்கவே இல்லை. கணபதி தூக்குக்கு முதல் நாள், மே 3-இல், அவருடைய சகா, சிங்கப்பூர்த் தொழிற்சங்கத் தலைவர் வீரசேனன் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருக்கு விசாரணையே இல்லை.

ஊர் திரும்பியவர்கள்

அவசரநிலையில் மலாயா ஏராளமானவர்களை நாடு கடத்தியது. அதற்கு முன்பே பலர் தாமாகக் கப்பலேறித் திரும்பினார்கள். அப்படித் திரும்பியவர்களில் ஒருவர் கம்யூனிஸ்ட் போராளி வாட்டாகுடி இரணியன். இயற்பெயர் வெங்கடாசலம். அவரும் பட்டுக்கோட்டை தாலுகா, அவரும் சிங்கப்பூர் போனவர், அவரும் இந்திய தேசிய ராணுவத்தில் இருந்தவர்.

அவர் வந்து இறங்கிய டெல்டாவில் ஏற்கெனவே தீ பற்றியிருந்தது. 1943 முதல் கம்யூனிஸ்ட் தலைவர் பி. சீனிவாச ராவ் பண்ணையாட்களைச் சங்கமாகச் சேர்த்துக்கொண்டிருந்தார். சவுக்கடியும், தண்டனையாகச் சாணிப்பால் புகட்டுவதும் கூடாது, கூலி நெல்லைக் கூட்டு என்று சேரிகளில் செங்கொடி ஏறியிருந்தது. மலாயாத் தோட்டத்தில் துரை முன்னால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டேன் என்று கேட்டவர்களுக்கு மிராசுதார் தெருவில் செருப்பைக் கழற்ற மாட்டேன் என்பது புதுப் பாடமாக இருந்திருக்காது. இயக்கத்துக்குக் கப்பலில் வந்த சரக்கு என்று ஏதாவது இருந்தால் அது இந்தப் பழக்கம்தான். இன்னொரு சரக்கும் வந்தது, தலைமறைவாக இயங்கும் வித்தை. சென்னை மாகாண போலீஸ் கம்யூனிஸ்டுகளைத் தேடிக்கொண்டிருந்த அந்த வருடங்களில் அது உதவியது, கொஞ்ச காலம்.

1950 மே மாதம் இரணியன் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே நாட்களில் அவரைப் போன்ற கம்யூனிஸ்ட் போராளி ஜாம்பவானோடை சிவராமனும். கணபதி தூக்குக்குச் சரியாக ஓராண்டு கழித்து. சுட்டது நம்முடைய போலீஸ். ஜனவரி 26-இல் குடியரசாகியிருந்தோம். ஆட்களைக் கைது செய்து நீதிமன்றத்தில் நிறுத்த வேண்டும் என்ற அரசியலமைப்பு கையில் இருந்தது. கணபதிக்குக் கிடைத்த இரண்டு வார விசாரணைகூட இரணியனுக்குக் கிடைக்கவில்லை. கருணை மனு போட சுல்தான் இல்லை, வருத்தம் தெரிவிக்க வேறொரு நாடு இல்லை.

எங்கள் பக்கத்துக் கூட்டங்களில் இந்தப் பெயர்களைச் சேர்த்துத்தான் சொல்வார்கள். கணபதியை முன்னால் சொல்லும்போது கைதட்டல் எளிதாக வரும், கொன்றவன் வெள்ளைக்காரன் என்பதால். இரணியன் பெயர் வரும்போது மேடையில் யார் இருக்கிறார்கள், எந்தக் கட்சிக் கூட்டம் என்பதைப் பொறுத்து மாறும். மலாயாவில் சம்மேளனம் இருந்த இடத்தை மிதவாதச் சங்கங்கள் நிரப்பின. 1954-இல் பி. பி. நாராயணன் தலைமையில் தோட்டத் தொழிலாளர் தேசியச் சங்கம் உருவானது. இங்கே, 1952-இல் தஞ்சாவூர் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. மலாயா 1957 ஆகஸ்ட் 31-இல் விடுதலை அடைந்தது. உரிமம் இல்லாத துப்பாக்கிக்கு மரணம் என்ற ஏற்பாட்டை, விடுதலை பெற்ற மலேசியாவும் 1960-க்குப் பிறகு உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில், பாதுகாப்புப் பகுதிகள் என்று அறிவித்த இடங்களுக்காக வைத்துக்கொண்டது.